பழுக்குமுன் பக்குவமாகும் காய்

ஸ்காபரோ, கனடா.
புரட்டாதி மாதம்.

அன்புள்ள அம்மான் அவர்களுக்கு,

காங்கேசன்துறையில் தங்கள் க்ஷேமத்தையும் கிணற்றடி வாழைகளின் க்ஷேமத்தையும் அறிய அவா. பனி விழுந்து நிலம் இறுகுமுன், இவ்வருஷத்து விவசாயத்தில் எனக்கு நேர்ந்த மானபங்கத்தைப் பிறர் சொல்லித் தாங்கள் கேட்பதினும் நானே தெரிவிப்பது உசிதமென்று கருதி இதனை எழுதுகின்றேன்.

வீட்டின் பின்புறத்தில், இரண்டு பாய் விரிக்கத்தக்க நிலத்தில், தக்காளிக்கு ஒன்றுவிட்ட தமக்கையான தொமத்தியோ என்னும் மெக்சிக்கோ தேசத்துச் செடி ஒன்றைச் சென்ற வருஷம் நட்டேன். நம்மூர் வேலியோரத்தில் தானே முளைத்துக் காகிதப் பைபோன்ற உறைக்குள் காய்க்க, நாங்கள் சிறுவராய் அதைப் பறித்து நெற்றியில் அடித்து 'டப்'பென்று வெடிக்கச் செய்வோமே, அந்தப் பூண்டின் இனமே இது. காய் மட்டும் தேசிக்காயினும் பெரிது. செடியோ மஞ்சட் பூவாய்ச் சொரிந்து உதிர்த்ததேயன்றிக் காய்க்கவில்லை. அயல்வீட்டு மெக்சிக்கோ மூதாட்டியார் எட்டிப் பார்த்து, இது தன் மகரந்தத்தைத் தானே ஏற்காத ஜாதி, துணைக்கு இன்னொரு செடியும் தேனீயும் வேண்டும் என்றார். ஊரார் பிள்ளைகளுக்கெல்லாம் சாதகப் பொருத்தம் பார்க்கும் எனக்கு இது தோன்றாமற் போயிற்று.

இவ்வருஷம் மே மாதக் கடைசியில், உறைபனிப் பயம் நீங்கியபின், இரண்டு நட்டேன். ஆவணியில் கொப்பெல்லாம் பைகள் தொங்கின. காய் உறையை முட்ட நிறைந்து, உறையும் பழுப்பேறி அடியில் வெடித்தது. உள்ளே பச்சையாகவே இருக்கக் கண்டு, எருப் போதாதென்று நிச்சயித்து, சிவக்கட்டும் சிவக்கட்டும் என்று நாளெண்ணிக் காத்திருந்தேன். ஒருநாள் அவை மஞ்சளாகி மண்ணில் விழுந்தன. வெற்றிக் களிப்போடு ஒரு கூடை நிறையக் கொண்டுபோய்க் கொடுத்தேன். மூதாட்டியார் தலையிற் கை வைத்துக்கொண்டார். இதனைப் பச்சையாய், இறுக்கமாய், உறை வெடிக்கும் தறுவாயிற் பறிக்க வேண்டுமாம். மஞ்சளானால் புளிப்பு மாறி இனிப்பேறிவிடும், பச்சைமிளகாயோடு சேர்த்து அவர்கள் அரைக்கும் சம்பலுக்குச் சுவை கொடாது.

அப்பொழுதுதான், தங்கள் வளவுக் கறுத்தக்கொழும்பான் மாமரத்தடியில், பழுத்தாலும் பச்சை மாறாத அந்தப் பழத்தை நான் காயென்று சொல்ல, "நிறத்தைப் பாராதை, காம்படித் தோளைப் பார்" என்று தாங்கள் தலையிற் குட்டியது நினைவுக்கு வந்தது. குட்டு மறக்கவில்லை, பாடந்தான் கடல் கடக்கையில் எங்கோ நழுவிற்று.

இப்போது தினமும் காலையில், வைத்தியர் நாடி பார்ப்பதுபோல, ஒவ்வொரு பையையும் விரலால் அழுத்திப் பார்க்கின்றேன். உள்ளே இடைவெளியிருந்தால் பொறுத்திருக்கிறேன், இறுகியிருந்தால் பறிக்கிறேன். உறையை உரித்தால் பிசின்போலக் கையில் ஒட்டுகிறது. கழுவிச் சுட்டு அரைத்தால் புட்டுக்கு அமிர்தம். நேற்று நிறையாத பையொன்று கையோடு வந்துவிட, அக்கம்பக்கம் பார்த்து, இந்த வயதில், நெற்றியில் ஓங்கி அடித்தேன். 'டப்'பென்ற சத்தத்துக்கு மூதாட்டியாரின் யன்னல் திறந்தது.

இப்படிக்கு,
தங்கள் மருமகன்