ஊரோடு ஒத்துக் கத்து

ஊர் கத்தும்போது நானும் கத்த வேண்டும். எனக்கு மிச்சமிருக்கும் லட்சியம் இவ்வளவுதான். தூர்தர்ஷன் காலத்தில் இதற்குப் பிரயத்தனமே வேண்டியிருக்கவில்லை. வெள்ளிக்கிழமை ‘ஒளியும் ஒலியும்’ என்றால், தெருவே டிவி இருக்கிற வீட்டுக் கூடத்தில் சம்மணம் போட்டிருக்கும். 1987-ல் ஞாயிறு காலைகளில் ராமாயணம் வந்தபோது, இந்தி தெரியாத எங்கள் தெரு மொத்தமும் சரியான இடத்தில் கண் கலங்கியது.

இப்போது சுவரை அடைத்துக்கொண்டு சொந்த டிவி. சேர்ந்து பார்க்க நாலு பேர் இல்லையே என்று ஏங்குகிறேன். நாலு பேர் காலிங் பெல் அடித்தாலோ, காபிப்பொடி விலை ஞாபகம் வந்து, சத்தத்தைக் குறைத்துவிட்டு மூச்சுவிடாமல் உட்கார்ந்துகொள்கிறேன்.

2023 ஐபிஎல் இறுதிப் போட்டி. மழையால் மறுநாளைக்குத் தள்ளிப்போய், அன்றும் மழை பெய்து, சென்னைக்கு 15 ஓவரில் 171 என்று இலக்கைத் திருத்தி, நள்ளிரவு தாண்டியும் ஓடியது. நான் டிவியில் பார்த்த செயலியில் மட்டும் 3 கோடிப் பேருக்கு மேல் ஒரே நேரத்தில் பார்த்தார்களாம். எனக்குப் புல்லரித்தது. 3 கோடிப் பேர், காபி போட வேண்டியதில்லை!

கடைசி 2 பந்து, 10 ரன். மோகித் சர்மா பந்தோடு திரும்பி நடக்கிறார். நான் வேட்டியை இறுக்கிக்கொண்டு எழுந்தேன். அப்போது கீழ்வீடு அலறியது. என் டிவியில் மோகித் இன்னும் நடந்துகொண்டுதான் இருந்தார். இங்கே ஜடேஜா சிக்ஸரைத் தூக்குவதற்குள், அங்கே பவுண்டரியும் போய், கோப்பையும் வந்து, தெருமுனையில் சரவெடி.

இணையத்தில் ‘நேரலை’ என்பது, காட்சியைச் சில விநாடித் துண்டுகளாக நறுக்கி அனுப்புவது. நாலைந்து துண்டு கையிருப்பில் சேர்ந்த பிறகே டிவி மனமிரங்கிக் காட்டும். கீழ்வீட்டில் கேபிள், முந்திவிட்டார்கள். எதிர்வீட்டுப் பையன் செல்போனில் எனக்கும் பின்னால். ஆக, ஜடேஜா அன்று எங்கள் குடியிருப்பில் வீட்டுக்கு வீடு தனித்தனியாக ஜெயித்துக் கொடுத்தார்.

என் முறை வந்ததும் நானும் கத்தினேன்.

“எல்லாரும் கத்தி முடிச்சாச்சு. இப்போ தனியா கத்தினா, நான் அடிக்கிறேன்னு நினைப்பாங்க” என்றாள் மனைவி.

அதிலிருந்து நான் ஜோதிடத்தில் இறங்கிவிட்டேன். கீழே “அய்யோ” கேட்டதும், “அடுத்த பந்தில் விக்கெட்” என்பேன். விழும். ஒரு தரம்கூடப் பொய்த்ததில்லை. மனைவி அசரவில்லை.

“அப்படியே நாளைக்குத் தண்ணி லாரி எத்தனை மணிக்கு வரும்னும் சொல்லிடுங்க.”