கத்தியும் கத்திரியும்

கிங் ஹூவுக்குக் குங்ஃபூவே தெரியாதாமே! அப்புறம் எப்படி ஐயா சண்டைப்பட இயக்குநர் ஆனார்?

கத்தி பிடிக்கத்தான் தெரியாது; கத்திரி பிடிக்க நன்றாகவே தெரியும்! சண்டைக்கலை தெரியாது என்பதை அவரே மறைத்ததில்லை. பெய்ஜிங்கில் பிறந்தவருக்குத் தெரிந்தது அந்த ஊர் இசைநாடகம்; தாளத்துக்கு அடி வைத்து, சட்டென்று சிலையாக நிற்கிற கலை. அதனால்தான் 1966-இல் ‘கம் டிரிங்க் வித் மீ’ படத்துக்கு பாலே பயின்ற செங் பெய்-பெய்யை வாள்வீராங்கனை ஆக்கினார். அவருடைய ‘எ டச் ஆஃப் ஜென்’ படத்தில், மூங்கில் காட்டில் வாளோடு ஒருத்தி தலைகீழாகப் பாய்வாளே, அது கண் இமைப்பதற்குள் மாறிவிடும் துண்டுக் காட்சிகளின் ஒட்டு. பாதிப் பாய்ச்சல் திரையில், மீதி நம் மண்டையில்.

இது ஏமாற்று வேலை இல்லையா என்பீர்கள். வெட்டி ஒட்டி ஏய்ப்பவர் படம் தொடங்கியதுமே அடிதடியில் இறங்கியிருப்பார். இவரோ அந்த மூன்று மணி நேரப் படத்தில் முதல் வாள் வீச்சுக்கே ஏறக்குறைய ஒரு மணி நேரம் காக்க வைக்கிறார். அதுவரை பாழடைந்த கோட்டை, நாணல், சிலந்திவலை. 1975-இல் கான் திரைப்பட விழா அந்தப் படத்துக்குத் தொழில்நுட்பப் பரிசு கொடுத்தது. குங்ஃபூவுக்கு அங்கே பரிசு கிடையாது!