போர்டை முழுதாக வாசி

மாத்தளை பஸ் நிலையத்தில் போர்டின் முதல் மூன்றெழுத்தை மட்டும் பார்த்து ஏறுவது என் பழக்கம். 'பல்லே' என்றிருந்தது, ஏறித் தூங்கிவிட்டேன். விழித்தால் றத்தோட்டை. பஸ் லக்கலைப் பக்கம், பல்லேகமவுக்குப் போகிறது. வடக்கே பல்லேபொலவில் இறங்க வேண்டியவன் கிழக்கே மலையேறிக்கொண்டிருந்தேன். "பிறந்து வளந்த ஊருக்கு வழி தெரியாதா?" என்றாள் மனைவி.

இந்த லட்சணத்தில்தான் எங்கள் பக்கத்துப் பழைய நிர்வாகப் பிரிவுகளான கோறளைகளைப் பற்றி நூல் எழுதக் கிளம்பினேன். கண்டி இராச்சியத்தில் 9 'ரட்ட'வும் 12 திசாவனியும் இருந்தன என்று வாசித்தேன். ரட்ட என்றால் சிங்களத்தில் நாடு; இவ்வளவு பெரிய மாத்தளை நாடாகத்தானே இருந்திருக்கும்? உடுநுவர, யட்டிநுவர, தும்பனை, கொத்மலை என்று ஒன்பதையும் இரண்டு இரவு துழாவியும் காணோம். எவரோ விட்டுவிட்டார்கள் என்று முடிவுகட்டி, மறுப்புக் கட்டுரைக்கு முதல் பந்தியும் எழுதிவிட்டேன். சூடான பந்தி அது.

பிறகுதான் புரிந்தது: ரட்ட என்பவை தலைநகரைச் சுற்றியிருந்த சிறு பகுதிகள். வெளியே விரிந்து கிடந்தவை திசாவனிகள். ஒவ்வொன்றுக்கும் மன்னர் நியமித்த ஒரு திசாவ. மாத்தளை அந்தப் பன்னிரண்டில் சௌக்கியமாக உட்கார்ந்திருந்தது.

திசாவனிக்குள் கோறளை, கோறளைக்குள் பற்று. எது பெரிது என்று மறக்கும்போதெல்லாம் மட்டக்களப்பின் கோறளைப்பற்றை நினைத்துக்கொள்வேன்; இன்னும் குழம்பும்.

உச்சம் ஒரு வாசகர் கூட்டத்தில். நாலு கோறளை, ஏழு கோறளை என்று எண்ணிப் பெயர் வைத்தது நாம் மட்டுமல்ல. இடைக்கால வேல்ஸில் 'கான்ட்ரெவ்' என்றால் நூறு ஊர் என்று விளாசினேன். கைதட்டினார்கள். அங்கேயே நிறுத்தியிருக்கலாம். அதன் உட்பிரிவுக்கு ஆங்கிலப் பெயர் கொமோட். "வேல்ஸ் மக்கள் தலைமுறை தலைமுறையாகக் கொமோட்டிலேயே வாழ்ந்தார்கள்" என்றேன். பின்வரிசையில் ஒருவர் புரையேறி வெளியே போனார். வேல்ஸ்காரர் வாயில் அது 'குமுட்' என்பது வீடு திரும்பிய பிறகே தெரிந்தது.

இன்று மாத்தளை மாவட்டத்தில் 11 பிரதேச செயலகப் பிரிவுகள். பெயரில் கோறளையை இன்னும் சுமப்பது ஒன்றுதான்: அம்பன்கங்கை கோறளை. அட்டைப் படம் எடுக்க நேற்று அங்கே புறப்பட்டேன். மனைவி பஸ் நிலையம்வரை வந்து, போர்டைக் கடைசி எழுத்துவரை உரக்க வாசித்து, கண்டக்டரிடமும் ஒரு வார்த்தை சொல்லி ஏற்றிவிட்டாள்.