பால் வெள்ளை, சிவந்த மூக்கு

மகனுக்குப் பெண் தேடுகிறவரும் நாய்க்குட்டி வாங்கப் போகிறவரும் கேட்பது ஒரே கேள்விகளைத்தான். நிறம் எப்படி? எந்த லைன்? தாய் தகப்பன் வழியில் கலப்பு ஏதும் உண்டா? நாய்க்கு ஜாதகம் பார்ப்பதில்லை, அவ்வளவுதான் வித்தியாசம். அதற்குப் பதில் கேசிஐ எனும் கென்னல் கிளப் தரும் வம்சாவளிப் பேப்பர்.

2003இல் ஹட்ச் விளம்பரத்தில் ஒரு பக் நாய் சிறுவன் பின்னால் ஓடியது. தேசம் அந்த நாயின் பின்னால் ஓடியது. மூக்கு நசுங்கி மூச்சுக்குத் திணறும் ஜீவனின் குறட்டையை 'க்யூட்' என்று கொஞ்சினோம். அடுத்து ஹஸ்கி வந்தது. சைபீரியப் பனியில் சறுக்குவண்டி இழுக்க வளர்த்த நாய், இரட்டை ரோமப் போர்வையோடு சித்திரை வெயிலில் அண்ணாநகரில் வாக்கிங் போகிறது. அதற்கென்றே ஏசி போட்டு, கரன்ட் பில்லைச் சொல்லி அலுத்துக்கொள்வார் முதலாளி. அலுப்பா அது? பெருமை! அதே வீட்டில் பாத்திரம் துலக்கும் அம்மாவுக்குக் கொல்லைப்புறத்தில் தனி டம்ளர்.

2017 மெரினா ஜல்லிக்கட்டுப் போராட்டத்துக்குப் பிறகு காற்று திசை மாறியது. நாட்டுமாடு, நாட்டுக்கோழி வரிசையில் நாட்டுநாய். கன்னி, கோம்பை, சிப்பிப்பாறை என்று ஆளுக்கொரு ஸ்டேட்டஸ். முறுக்கிய மீசை, கையில் சங்கிலி, பின்னணியில் சாதிப் பாட்டு. 2020 ஆகஸ்டில் பிரதமரே வானொலியில் பெயர் சொன்னார். கேட்கவா வேண்டும்!

அந்தப் பெருமையில் முதல் வரிசை ராஜபாளையத்துக்கு. 2005இல் தபால்தலையே வந்தது. கொஞ்சம் கிட்டத்தில் போய்ப் பாருங்கள்: பால் வெள்ளை உடம்பு, இளஞ்சிவப்பு மூக்கு. மேலே ஒரு புள்ளி விழுந்தால் போதும், குட்டிக்கு மவுசு போச்சு. இந்த வெளுப்புக்காகவே வெள்ளையோடு வெள்ளை சேர்த்துச் சேர்த்து, காது கேளாமலே பிறக்கும் குட்டிகள் இந்த இனத்தில் வாடிக்கையாகிவிட்டன. உட்செவிக்கு நிறமிச் செல்கள் வேண்டும். அவை இல்லாவிட்டால் ஒலியை உணரும் செல்கள் மடிந்துபோகும். காவலுக்கென்று ஒரு நாய், அதற்குத் திருடன் வரும் சத்தம் கேட்காது. தோல் வெளுப்புக்குக் காதை விலையாகக் கொடுத்துவிட்டு, பாரம்பரியம் என்று மார் தட்டுகிறோம்.

இந்த வெயிலையும் மழையையும் யார் தயவும் இல்லாமல் தாங்கும் நாட்டுநாய் தெருமுனையில் படுத்திருக்கிறது. பேப்பர் கிடையாது, லைன் கிடையாது, நிறமும் சொல்லிக்கொள்ளும்படி இல்லை. குடியிருப்போர் சங்கக் கூட்டத்தில் அதைப் பிடித்துப்போகச் சொல்லி ஏகமனதாகத் தீர்மானம் போடுவார்கள். முன்மொழிகிறவர் யாரென்று விசாரியுங்கள். முடி கொட்டுகிறதென்று போன மாதம்தான் தன் ஹஸ்கியை ஈசிஆரில் இறக்கிவிட்டுக் காரைக் கிளப்பிக்கொண்டு வந்தவராக இருப்பார்.