ஓர் அங்குலத்துக்கு ஆறடி

தஞ்சைப் பெரிய கோயிலைக் கட்ட ராஜராஜனுக்கு எத்தனையோ ஆண்டுகள் பிடித்தன. எட்டாம் வகுப்பில் எனக்கு ஒரு சனி, ஞாயிறு போதுமானதாக இருந்தது. பழைய காலண்டர் அட்டை, மயில்துத்தம் போட்டுக் காய்ச்சிய மைதாப் பசை, முனை மழுங்கிய மர அடிஸ்கேல். நீங்களும் கண்காட்சிக்கு எதையாவது ஒட்டியவர் என்றால், அந்தப் பசையின் நாற்றம் இந்நேரம் உங்கள் மூக்கில் ஏறியிருக்கும்.

விமானம் 216 அடி என்று புத்தகத்தில் இருந்தது. எழுபத்திரண்டால் வகுக்கச் சொன்னார் கணக்கு வாத்தியார். "நூறென்றால் சுலபமாயிற்றே சார்?" என்று மேதாவித்தனமாகக் கேட்டேன். அவர் பேசாமல் ஒரு சாக்பீஸை ஓர் அங்குலத்துக்கு ஒடித்து மேஜைமேல் நிறுத்தினார். "ஓர் அங்குலத்துக்கு ஆறடிடா. இவன்தான் உன் கோயிலுக்கு வரும் ஆறடி ஆள்." அந்த ஆளை நான் ஒரு வாரம் சட்டைப்பையில் சுமந்து திரிந்தேன், பை வெளுத்ததற்கு அம்மாவிடம் வாங்கியது தனிக்கணக்கு.

விமானம் மூன்றடி, பதின்மூன்று நிலை, நூல் பிடித்த மாதிரி வந்தது. பன்னிரண்டடி நந்திக்கு இரண்டு அங்குலம் என்று கணக்கும் சரியாகத்தான் போட்டேன். களிமண்ணை அளக்கும்போது ஸ்கேல் மட்டும் சென்டிமீட்டர் பக்கமாகப் புரண்டிருந்தது. வந்திருந்த பெரியவர் ஒருவர் குனிந்து பார்த்து, "கோயில் அருமை தம்பி, கன்றுக்குட்டி இருக்கிறது, மாடு எங்கே?" என்றார். பரிசு சோப்பு எரிமலைக்குப் போயிற்று.

போன மாதம் பேரன் அதே கோயிலை முப்பரிமாண அச்சு இயந்திரத்தில் எடுக்க உட்கார்ந்தான். பசை இல்லை, வெளுத்த பை இல்லை, சாக்பீஸ் ஆளும் இல்லை. 288-க்கு ஒன்று, ஒன்பது அங்குலம் என்று கணினியே சொல்லிவிட்டது. ராத்திரி முழுக்க ஓடும் என்றவன், காபி ஆறுவதற்குள் முகம் சுண்டி வந்தான். கோப்பில் எண் மட்டும்தான் போகுமாம், அளவின் பெயர் போகாதாம். ஒன்பதை இயந்திரம் மில்லிமீட்டராக எடுத்துக்கொண்டு கொண்டைக்கடலை அளவில் ஒரு பெரிய கோயிலைப் பெற்றுப் போட்டிருந்தது.

நான் பிசகியது 2.54 மடங்கு, அவன் பிசகியது 25.4 மடங்கு, அரை நூற்றாண்டு முன்னேற்றம், சரியாகப் பத்து மடங்கு. அலமாரியில் கிடந்த என் களிமண் நந்தியை எடுத்து அதன் எதிரே வைத்தேன். பெரியவர் கேட்ட மாடு வந்துவிட்டது. இப்போது கோயிலைத்தான் தேட வேண்டியிருக்கிறது.