எலும்புக்கூடு எங்கிருந்து வந்தது?

கேள்வி: மௌனப்பட காலத்தில், மேடையில் மேஜிக் செய்தவர்களுக்கு கேமரா எதிரியா, கூட்டாளியா?

பதில்: கூட்டாளி! பாரிஸ் நகரத்து ஜார்ஜ் மெலியே அதற்குச் சாட்சி. 1888-இல் ராபர்ட்-ஊதேன் என்ற மேஜிக் அரங்கத்தையே விலைக்கு வாங்கியவர் அவர். 1895-இல் லூமியேர் சகோதரர்களின் படக்காட்சியைப் பார்த்ததும் கேமரா மீது பித்தாகிவிட்டார்.

மறு வருடமே ஒரு படம். தரையில் நாளிதழை விரித்து, அதன்மேல் நாற்காலி போட்டு ஒரு பெண்ணை உட்கார வைக்கிறார். துணியால் மூடித் திறந்தால் ஆளைக் காணோம்! மேடையில் இந்த வித்தைக்குத் தரையில் ரகசியக் கதவு வேண்டும். மெலியேவுக்கு வேண்டியிருக்கவில்லை. கேமராவை நிறுத்தினார், பெண் எழுந்து போனார், மறுபடி சுழற்றினார். ஒட்டு தெரியாமலிருக்க ஃபிலிமையும் நறுக்கிச் சேர்த்தார். காலி நாற்காலியில் ஓர் எலும்புக்கூடு வந்து உட்கார்ந்ததே, அங்கேதான் மேடையை சினிமா முந்தியது.

1901-இல் எடுத்த இன்னொரு படத்தில் இன்னும் துணிச்சல். மேஜைமேல் இருக்கும் அவருடைய தலை பலூனாக ஊதிக்கொண்டே போகும். கேமரா அசையவில்லை, உடலைக் கறுப்பில் மறைத்துக்கொண்டு, சாய்தளத்தில் நகரும் நாற்காலியில் அவர்தான் கேமராவை நெருங்கி வந்தார். கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில் இப்படி யோசித்தவரை மேதை என்றே சொல்ல வேண்டும்.

அவர் எடுத்தவை 500-க்கும் மேல். பண நெருக்கடியில் நெகடிவ்களைத் தானே எரித்தார்; பாதிக்கும் குறைவாகவே மிஞ்சியிருக்கின்றன. அந்த எலும்புக்கூடு படம் பிழைத்துவிட்டது, ஓடுவதும் ஓரிரு நிமிடம்தான். குழந்தைகளோடு உட்கார்ந்து அவசியம் பாருங்கள்.