பாதியை விழுங்கும் பாஷை

கேள்வி: லண்டன் காக்னிக்காரர்களின் எதுகைக் கொச்சை என்கிறார்களே, அது என்ன ரகம்?

பதில்: சொல்ல வந்த சொல்லைத் தவிர மற்றதையெல்லாம் சொல்கிற ரகம்! 19-ஆம் நூற்றாண்டின் நடுவில் கிழக்கு லண்டன் தெரு வியாபாரிகளின் வாயில் புழங்கியது. எதுகை என்கிறோமே தவிர, கடைசி ஒலி ஒத்துவருவதால் நம் இலக்கணப்படி இது இயைபு. 'லுக்' என்றால் பார்வை. அதோடு ஒலி சேர்வது 'புட்சர்ஸ் ஹுக்', அதாவது கசாப்புக்கடைக் கொக்கி. அதோடு விட்டார்களா? கொக்கியைக் கழற்றிவிட்டு, 'ஒரு புட்சர்ஸ் பாரேன்' என்பார்கள். ஒலி ஒத்துப்போன பாதியே காணாமல் போக, வெளியூர்க்காரர் கறிக்கடை தேடி அலைய வேண்டியதுதான். 'ரொட்டி' என்றால் தலை, 'பீங்கான்' என்றால் நண்பன். எல்லாம் இதே கணக்கு.

போலீஸுக்குப் புரியாமலிருக்கத் திருடர்கள் கட்டிய பாஷை என்றும் சொல்வதுண்டு. 1859-லேயே ஹாட்டன் என்பவர் அகராதியில் அச்சடித்து விற்றுவிட்டார். அப்புறம் என்ன ரகசியம்!

மனைவிக்கு அவர்கள் வைத்த பெயர் 'தொல்லையும் சண்டையும்'. அதற்கு விளக்கம் கேட்காதீர்கள், வீட்டில் இந்தப் பத்திரிகை வாங்குகிறார்கள். பாவம், 1950-களின் புகழ்பெற்ற பாடகி ரூபி மர்ரி. குழம்பைக் குறிக்கும் 'கரி'யோடு பெயர் ஒத்துப்போனதால், இன்று அவரை 'நான்' ரொட்டியோடு தொட்டுக்கொள்கிறார்கள்.